ஆட்டக்காரர் பயிற்சியாளராக மாறுவது எப்படி? டாம் லாண்ட்ரியின் வாழ்க்கையை முன்வைத்து ஒரு கேள்வி

கேள்வி

இரண்டு ஆண்டுகளாக அமெரிக்கக் கால்பந்தைத் தொடர்ந்து பார்த்து வருகிறேன். விதிகள் ஓரளவு பிடிபட்டுவிட்டதால், இப்போது அந்த ஆட்டத்தின் மனிதர்களைப் பற்றிப் படிக்கத் தொடங்கியிருக்கிறேன். டல்லஸ் கவ்பாய்ஸ் அணிக்கு 1960 முதல் 1988 வரை 29 சீசன்கள் தலைமைப் பயிற்சியாளராக இருந்த டாம் லாண்ட்ரியின் வாழ்க்கையைப் படித்தபோது ஓரிடத்தில் நின்றுவிட்டேன். 1954, 1955 ஆகிய இரு சீசன்களில் அவர் நியூயார்க் ஜயண்ட்ஸ் அணியின் தற்காப்பு ஆட்டக்காரராகவும், அதே தற்காப்புப் பிரிவின் பயிற்சியாளராகவும் ஒருசேர இருந்திருக்கிறார். பக்கத்தில் நின்று ஆடும் சகாக்களுக்கு, அடுத்த நாள் காலையில் கரும்பலகையின் முன் நின்று, நீ செய்தது பிழை என்று சொல்ல அவருக்கு எப்படி அதிகாரம் வாய்த்தது? அவர்கள் அதை எப்படி ஏற்றுக்கொண்டார்கள்?

இதையொட்டி இன்னொரு கேள்வியும் எழுகிறது. தொழில்முறை ஆட்டக்காரராக இருந்த அனுபவம் ஒரு பயிற்சியாளருக்கு உண்மையிலேயே உதவுகிறதா? சீசனின் இறுதிப் போட்டியான சூப்பர் பௌலைத் தலைமைப் பயிற்சியாளராக ஆறு முறை வென்ற பில் பெலிச்சிக், என்எஃப்எல் என்ற தொழில்முறை லீகில் ஓர் ஆட்டம்கூட ஆடியவர் அல்லர். மாறாக, கிரீன் பே பேக்கர்ஸ் அணிக்குக் குவார்ட்டர்பேக்காக (தாக்குதலை நடத்திப் பந்தை வீசுபவராக) ஐந்து சாம்பியன் பட்டங்களைப் பெற்றுத் தந்த பார்ட் ஸ்டார், அதே அணிக்கு 1975 முதல் 1983 வரை பயிற்சியாளராக இருந்தும் ஒரே ஒரு முறைதான் பிளேஆஃப் என்ற நாக்அவுட் சுற்றுக்குள் அதை அழைத்துச் செல்ல முடிந்தது. விவரம் அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

முதல் பதில்

நண்பரே, உங்கள் முதல் கேள்விக்கு விடை காண 1950ஆம் ஆண்டுக்குப் போக வேண்டும். அந்த ஆண்டில்தான் கிளீவ்லாண்ட் பிரௌன்ஸ் அணி என்எஃப்எல்லுக்குள் வந்தது. அதற்கு முன் தான் ஆடிய லீகில் நடந்த நான்கு சாம்பியன் பட்டங்களையும் அதுவே வென்றிருந்தது. அதன் குவார்ட்டர்பேக் ஓட்டோ கிரஹாமின் பந்துவீச்சைத் தடுக்க வழி தெரியாமல் எல்லா அணிகளும் திகைத்து நின்றன. ஜயண்ட்ஸ் அணியின் பயிற்சியாளர் ஸ்டீவ் ஓவன் ஒரு புதிய தற்காப்பு அமைப்பை யோசித்தார். முன்வரிசையில் ஆறு பேர் நிற்பது போலத் தோன்றும். பந்து நகர்ந்தவுடன் அந்த வரிசையின் இரு ஓரத்து ஆட்களும் பின்வாங்கி, வீசப்படும் பந்தைக் காக்கும் வேலைக்குப் போய்விடுவார்கள். விரித்த குடையைப் போல இருந்ததால் அதற்கு அம்பிரெல்லா என்றே பெயர் வந்தது. ஓவன் அதைப் பலகையில் வரைந்து காட்டினார். ஒவ்வொருவரும் எந்த நேரத்தில் எங்கே போக வேண்டும் என்று மற்றவர்களுக்கு விளக்கும் பொறுப்பு, அணிக்கு அப்போதுதான் வந்து சேர்ந்திருந்த லாண்ட்ரியின் மேல் விழுந்தது. அக்டோபர் 1ஆம் தேதி நடந்த அந்த ஆட்டத்தில் ஜயண்ட்ஸ் 6-0 என்று வென்றது. பிரௌன்ஸ் அணியால் ஒரு புள்ளிகூட எடுக்க இயலவில்லை. ஆகவே 1954இல் பதவி கிடைப்பதற்கு நான்கு ஆண்டுகள் முன்பே அந்த அறையில் அவர் சொல் எடுபட்டுவிட்டது. பதவி பிறகு வந்தது.

அவருடைய வயதையும் அனுபவத்தையும் இதனோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். 1924இல் டெக்சாஸ் மாநிலத்தின் மிஷன் என்ற சிற்றூரில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் அண்ணன் ராபர்ட் விமானத்தோடு மறைந்த பிறகு தாமும் விமானப் படையில் சேர்ந்து, பி-17 குண்டுவீச்சு விமானத்தின் துணை விமானியாக 30 முறை போருக்குப் பறந்தார். ஒருமுறை எரிபொருள் தீர்ந்து, விமானம் பெல்ஜியத்தில் மரங்களுக்கிடையே தரையில் மோதி இறங்கியபோது, இறக்கைகள் பிய்ந்துபோயும் உள்ளிருந்த அனைவரும் உயிரோடு நடந்து வெளியே வந்தார்கள். இவ்வளவையும் கடந்து வந்த ஒருவர் உடை மாற்றும் அறையில் நின்று நிதானமாகப் பேசினால், அதைக் கேட்கும் மனநிலை மற்றவர்களுக்கு இருந்திருக்கும் என்றே நான் நம்புகிறேன்.

இன்னொன்று, லாண்ட்ரி வேகமாக ஓடக்கூடியவர் அல்லர். பந்தைப் பிடிக்க ஓடிவருபவர் தம்மைவிட வேகமானவர் என்றால், அவர் எங்கே போகப்போகிறார் என்பதை முன்கூட்டியே அறிந்து அங்கே போய் நிற்பதைத் தவிர லாண்ட்ரிக்கு வேறு வழியில்லை. அதனால் எதிரணியின் ஆட்டப் படச்சுருள்களை ஓயாமல் பார்த்து, எந்த நிலையில் அவர்கள் எதைச் செய்கிறார்கள் என்று கணக்கெடுக்கும் பழக்கம் அவருக்கு வந்தது. ஹூஸ்டன் பல்கலைக்கழகத்தில் தொழிலகப் பொறியியலும் படித்தார். ஆட்டத்தை அவர் பார்த்த விதத்தில் அந்தப் படிப்பின் சாயல் தெளிவாகவே தெரிகிறது.

அவர் வளர்த்தெடுத்த 4-3 அமைப்பை (முன்வரிசையில் நால்வர், அவர்களுக்குப் பின்னே மூன்று லைன்பேக்கர்கள்) ஓர் ஆட்டக்காரரின் கண் வழியாகவே சொல்லிப் பார்க்கிறேன். அதுவரை முன்வரிசையின் நடுவில் குனிந்து நின்ற மனிதரை இரண்டடி பின்னே இழுத்து நிமிர்ந்து நிற்க வைத்தார்கள். அவர்தான் மிடில் லைன்பேக்கர். ஜயண்ட்ஸ் அணியில் 1956 முதல் அந்த இடத்தில் நின்றவர் சாம் ஹஃப். புதிதாகப் பார்க்கும் நாம் பந்தைத்தான் பார்ப்போம். அவரோ எதிரே குனிந்திருக்கும் கார்டு என்ற தடுப்பாளரின் முதல் அடியைப் பார்க்கிறார். அந்தக் கார்டு பின்னால் காலெடுத்து வைத்தால் பந்து வீசப்படப் போகிறது. நேராகப் பாய்ந்தால் நடுவழியாக ஓட்டம் வருகிறது. வரிசையை விட்டு விலகிப் பக்கவாட்டில் ஓடினால் ஓட்டமும் அந்த ஓரத்துக்கே போகிறது. இதைக் கண்டு முடிவெடுக்க அரை நொடிகூடக் கிடைக்காது. இப்படி ஒவ்வொருவருக்கும் ஒரு குறிப்பையும் ஓர் இடைவெளியையும் ஒதுக்கிக் கொடுத்து, அவரவர் இடத்தை அவரவர் காத்தால் பந்து தானாக யாரிடமாவது வந்து சேரும் என்பதே லாண்ட்ரியின் கொள்கை. 1956இல் ஜயண்ட்ஸ் சிகாகோ பேர்ஸை 47-7 என்று வீழ்த்திச் சாம்பியன் ஆனது. அப்போது தாக்குதல் பிரிவைப் பார்த்துக்கொண்டவர் வின்ஸ் லொம்பார்டி, தற்காப்புப் பிரிவு லாண்ட்ரியுடையது. இந்த இருவரையும் ஒரே நேரத்தில் உதவியாளர்களாக வைத்திருந்த ஜிம் லீ ஹோவெல், பந்துக்குக் காற்றடிப்பது மட்டுமே தம் வேலை என்று சொன்னதாக ஒரு செய்தி உண்டு.

இவ்வளவு அறிந்தவருக்கும் டல்லஸில் தொடக்கம் எளிதாக அமையவில்லை. 1960இல் ஆடிய 12 ஆட்டங்களில் 11 தோல்வி. எஞ்சிய ஒன்று, தம் பழைய அணியான ஜயண்ட்ஸுக்கு எதிராக நியூயார்க்கிலேயே 31-31 என்று சமனில் முடிந்தது. நான்கு சீசன்கள் தொடர்ந்து தோல்விகளே மிகுந்திருந்த நிலையில், 1964இல் அணியின் உரிமையாளர் கிளின்ட் மர்ச்சிசன் அவருக்குப் பத்தாண்டு ஒப்பந்த நீட்டிப்புக் கொடுத்தார். இன்றைக்கு எந்த உரிமையாளரும் இந்தப் பொறுமையைக் காட்டுவார் என்று எனக்குத் தோன்றவில்லை. 1966இல் தொடங்கி 20 சீசன்கள் தொடர்ச்சியாக, தோல்விகளைவிட வெற்றிகளே மிகுந்திருந்தன.

இரண்டாம் பதில்

முதல் பதிலை எழுதியவர் லாண்ட்ரியைப் பற்றிச் சொன்னதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால், உடல்திறன் குறைந்தவர்களே நல்ல பயிற்சியாளர்களாகிறார்கள் என்ற முடிவுக்கு யாரும் அதிலிருந்து வந்துவிடக் கூடாது. மைக் டிட்காவை எடுத்துக்கொள்ளுங்கள். 1961இல் சிகாகோ பேர்ஸ் அணிக்கு வந்த முதல் சீசனிலேயே 56 பந்துகளைப் பிடித்து 1,076 கெஜங்கள் கடந்தவர். எதிரணியைத் தடுப்பதும் பந்தைப் பிடிப்பதுமான டைட் எண்ட் என்ற இடத்தில் ஆடியவர்களில், சிறந்தவர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் முதலில் இடம்பெற்றவர். அவரே 1985 சீசனில் சிகாகோ அணியின் பயிற்சியாளராக 15 வெற்றி, 1 தோல்வி என்ற கணக்கில் லீக் ஆட்டங்களை முடித்து, சூப்பர் பௌலில் நியூ இங்கிலாந்தை 46-10 என்று வென்றார். அவர் பெரிய ஆட்டக்காரர்தான். அதோடு, ஓய்வு பெற்றபின் 1973 முதல் 1981 வரை ஒன்பது சீசன்கள் லாண்ட்ரியிடமே உதவிப் பயிற்சியாளராக இருந்து தொழில் கற்றவரும்கூட.

பார்ட் ஸ்டாரின் கதையில் இல்லாமல் போனது இந்தக் கற்றல் காலமே. 1972இல் ஒரே ஒரு சீசன் குவார்ட்டர்பேக்குகளுக்குப் பயிற்சி கொடுத்ததைத் தவிர வேறு அனுபவம் இல்லாமல் 1975இல் தலைமைப் பொறுப்பில் உட்கார வைக்கப்பட்டார். அதற்கு முந்தைய ஆண்டு அவருக்கு முன்பிருந்தவர், ஜான் ஹேடில் என்ற குவார்ட்டர்பேக்கை வாங்குவதற்காக 1975, 1976 ஆகிய இரு டிராஃப்டுகளிலிருந்து ஐந்து தேர்வு உரிமைகளைக் கொடுத்துவிட்டிருந்தார். இளம் ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்க வேண்டிய வாய்ப்புகள் கையைவிட்டுப் போன அணியைத்தான் ஸ்டார் ஏற்றுக்கொண்டார். அவருடைய தோல்விக்கு அவர் பெரிய ஆட்டக்காரராக இருந்ததைக் காரணமாகச் சொல்வது அநியாயம்.

சகாக்களுக்குக் கட்டளையிடுவது குறித்த கேள்விக்கு லாண்ட்ரியைவிடப் பொருத்தமான எடுத்துக்காட்டு டான் ஷூலா. 1953 முதல் 1956 வரை பால்டிமோர் கோல்ட்ஸ் அணியில் ஆடியவர். 1957இல் வாஷிங்டனில் ஆட்ட வாழ்க்கை முடிந்தது. பிறகு இரண்டு பல்கலைக்கழகங்களிலும் டெட்ராய்ட் லயன்ஸ் அணியிலும் உதவியாளராக இருந்துவிட்டு, 1963இல் தம் 33ஆம் வயதில் அதே கோல்ட்ஸ் அணிக்குத் தலைமைப் பயிற்சியாளராகத் திரும்பினார். தம்மோடு சேர்ந்து ஆடிய ஜினோ மார்ச்செட்டி அங்கே இன்னும் ஆடிக்கொண்டிருந்தார். அவர் ஷூலாவைவிட வயதில் மூத்தவர். குவார்ட்டர்பேக் ஜானி யுனைட்டஸ் நாடறிந்த நட்சத்திரம். அவருக்கும் ஷூலாவுக்கும் இடையே உறவு இணக்கமாக இருக்கவில்லை. ஆகவே எல்லாரும் மனமுவந்து ஏற்றுக்கொண்டார்கள் என்று சொல்வதற்கில்லை. 1969 ஜனவரியில் நடந்த மூன்றாம் சூப்பர் பௌலில், எல்லாரும் எளிதில் வெல்லும் என்று எதிர்பார்த்த ஷூலாவின் அணி ஜெட்ஸிடம் 16-7 என்று தோற்றது. அந்தத் தோல்விக்குப் பின் மயாமி டால்ஃபின்ஸுக்குச் சென்று, 1972இல் 17 ஆட்டங்களில் 17 வெற்றி என்று சீசனை முடித்தார். சூப்பர் பௌல் வரை ஒரு தோல்வியும் இல்லாமல் சென்று பட்டம் வென்ற அணி இன்றுவரை அது ஒன்றுதான். பிளேஆஃப் ஆட்டங்களையும் சேர்த்து மொத்தம் 347 வெற்றிகளோடு அவர் ஓய்வு பெற்றார்.

மூன்றாம் பதில்

மேலே எழுதியவர்கள் பழைய தலைமுறையைப் பற்றிச் சொல்லிவிட்டார்கள். இன்றைய நிலையைப் பற்றி நான் கொஞ்சம் சொல்கிறேன். இப்போது ஆடிக்கொண்டே பயிற்சியாளராக இருக்கும் வழக்கம் என்எஃப்எல்லில் இல்லை. ஓய்வு பெற்ற ஆட்டக்காரர் ஏணியின் அடிப்படியிலிருந்து ஏற வேண்டும். குவாலிட்டி கன்ட்ரோல் என்று அழைக்கப்படும் அந்த முதற்படியில், எதிரணியின் ஆட்டப் பதிவுகளை வெட்டிப் பிரிப்பது, எத்தனையாவது முயற்சியில் எத்தனை கெஜம் தேவைப்படும்போது அவர்கள் என்ன ஆடுகிறார்கள் என்று வகைப்படுத்துவது, மறுநாள் பயிற்சிக்கு வேண்டிய அட்டைகளை வரைவது போன்றவையே வேலை. நேற்றுவரை அரங்கம் நிறைந்த கூட்டம் பெயர் சொல்லி ஆர்ப்பரித்த ஒருவர், இரவு வெகுநேரம் வரை ஒரு சிறு அறையில் திரையின் முன் தனியாக அமர்ந்து இதைச் செய்ய வேண்டும். இதைப் பொறுத்துக்கொள்ள முடியாமலே பலர் திரும்பிவிடுகிறார்கள் என்பது என் எண்ணம்.

டிமேகோ ரயன்ஸ் இதைப் பொறுத்துக்கொண்டவர். 2006இல் ஹூஸ்டன் டெக்சன்ஸ் அணியில் லைன்பேக்கராக வந்து, சிறந்த புதிய தற்காப்பு ஆட்டக்காரர் விருதைப் பெற்றார். குதிகால் தசைநாண் இரண்டு முறை அறுந்தது. 2015 சீசனோடு ஆட்டம் முடிந்தது. 2017இல் சான் பிரான்சிஸ்கோ அணியில் மேற்சொன்ன அடிப்படியில் சேர்ந்து, 2021இல் தற்காப்புப் பிரிவின் பொறுப்பாளரானார். 2023இல் ஹூஸ்டனுக்கே தலைமைப் பயிற்சியாளராகத் திரும்பினார். முந்தைய சீசனில் மூன்றே வெற்றிகள் பெற்றிருந்த அணி அந்த ஆண்டு பத்து ஆட்டங்களை வென்று தன் பிரிவில் முதலிடம் பிடித்தது.

டக் பீடர்சனின் பாதை இன்னும் நீளமானது. பெரும்பாலும் கிரீன் பேயின் நட்சத்திரக் குவார்ட்டர்பேக் பிரெட் ஃபார்வுக்கு மாற்று ஆளாக வெளியே உட்கார்ந்திருந்த குவார்ட்டர்பேக் அவர். ஓய்வுக்குப் பின் 2005 முதல் 2008 வரை நான்கு ஆண்டுகள் லூசியானா மாநிலத்தில் ஓர் உயர்நிலைப் பள்ளி அணிக்குப் பயிற்சி கொடுத்தார். 2018 பிப்ரவரியில் ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸின் தலைமைப் பயிற்சியாளராக சூப்பர் பௌலில் நின்றபோது, அவருடைய குவார்ட்டர்பேக் நிக் ஃபோல்ஸும் ஒரு மாற்று ஆள்தான். முதன்மை ஆட்டக்காரர் காயம்பட்டதால் ஆட வந்தவர். முதல் பாதி முடிய ஒரு நிமிடத்துக்கும் குறைவாகவே இருந்தது, கடைசி வாய்ப்பான நான்காம் முயற்சி, கோட்டுக்கு ஒரு கெஜம். பாதுகாப்பாக ஃபீல்டு கோல் உதைத்து மூன்று புள்ளிகளை எடுத்திருக்கலாம். ஃபோல்ஸ் ஓரக்கோட்டுக்கு வந்து, குவார்ட்டர்பேக்கே பந்தைப் பிடிக்கும் ஒரு தந்திர ஆட்டத்தின் பெயரைச் சொல்லிக் கேட்டார். பீடர்சன் ஒரு கணம் பார்த்துவிட்டு, சரி, ஆடுவோம் என்றார். ஃபோல்ஸ் பந்தைப் பிடித்து, ஆறு புள்ளி தரும் டச் டவுன் எடுத்தார்; ஆட்டம் 41-33 என்று ஈகிள்ஸ் பக்கம் முடிந்தது. மாற்று ஆளின் யோசனையை அவ்வளவு விரைவில் நம்பியதற்கு, தாமும் பல ஆண்டுகள் அந்த இடத்தில் உட்கார்ந்திருந்தது ஒரு காரணம் என்றே நான் கருதுகிறேன். உங்கள் இரண்டாம் கேள்விக்கு இதைவிட நேரான விடை எனக்குத் தெரியவில்லை.

ஆனால் இந்த ஏணி எல்லாருக்கும் ஒரே உயரத்தில் இருக்கவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். கறுப்பினத்தவரான ஃபிரிட்ஸ் பொல்லார்ட் 1921இலேயே ஏக்ரன் அணியில் ஆடிக்கொண்டே அதன் பயிற்சியாளராகவும் இருந்தார். அவருக்குப் பிறகு 1989இல் ரெய்டர்ஸ் அணி ஆர்ட் ஷெல்லை நியமிக்கும் வரை அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக என்எஃப்எல்லில் ஒரு கறுப்பினத் தலைமைப் பயிற்சியாளர்கூட இல்லை. டோனி டஞ்சி கல்லூரியில் குவார்ட்டர்பேக்; 1977இல் டிராஃப்டில் யாரும் எடுக்கவில்லை. பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அவரைத் தற்காப்புக்கு மாற்றிச் சேர்த்துக்கொள்ள, அடுத்த ஆண்டே அணியில் அதிக இண்டர்செப்ஷன்கள் (எதிரணி வீசிய பந்தைப் பறித்தல்) எடுத்து சூப்பர் பௌலையும் வென்றார். 1984இல் 28 வயதில் அதே அணியின் தற்காப்புப் பொறுப்பாளர். அந்த வயதில் அந்த இடத்தை அடைந்தவர் தலைமைப் பயிற்சியாளராவதற்கு 1996 வரை காத்திருக்க நேர்ந்தது. 2007 பிப்ரவரி 4ஆம் தேதி இண்டியானாபொலிஸ் கோல்ட்ஸ் அணியோடு சூப்பர் பௌலை வென்று, அதை வென்ற முதல் கறுப்பினத் தலைமைப் பயிற்சியாளர் ஆனார். அன்று எதிரே சிகாகோவின் பயிற்சியாளராக நின்ற லவி ஸ்மித், டஞ்சி டாம்பா பே அணியின் தலைமைப் பயிற்சியாளராக இருந்தபோது அவரிடம் உதவியாளராக இருந்தவர். தலைமைப் பயிற்சியாளர் பதவி காலியானால் சிறுபான்மை இனத்தைச் சேர்ந்த ஒருவரையாவது நேர்காணல் செய்ய வேண்டும் என்ற ரூனி விதி 2003இல் வந்தது. டஞ்சி காத்திருந்த காலத்தில் அந்த விதிகூட இல்லை.

கேள்வி கேட்டவர்

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. இன்னும் ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். ஆட்டத்தை உள்ளிருந்து முழுமையாக அறிந்திருந்ததே லாண்ட்ரிக்குத் தடையாக அமைந்த சந்தர்ப்பம் ஏதாவது உண்டா? தமக்குத் தெரிந்ததையெல்லாம் மற்றவர் தலையில் ஏற்ற முயன்று அவர் இடறியிருப்பாரோ என்று படிக்கும்போது தோன்றியது.

முதல் பதிலை எழுதியவர்

உண்டு. 1971ஆம் ஆண்டை நினைவுகூர வேண்டும். ரோஜர் ஸ்டாபாக், கிரெய்க் மார்ட்டன் என்று இரண்டு குவார்ட்டர்பேக்குகள் இருக்க, லாண்ட்ரியால் ஒருவரைத் தேர்ந்தெடுக்க முடியவில்லை. அக்டோபர் 31ஆம் தேதி சிகாகோவில் நடந்த ஆட்டத்தில், ஒரு முயற்சிக்கு ஒருவர், அடுத்ததற்கு மற்றவர் என்று இருவரையும் மாற்றி மாற்றி அனுப்பினார். ஓரக்கோட்டில் நிற்பவரிடம் அடுத்த ஆட்டத்தைச் சொல்வார். அவர் ஓடி உள்ளே போவார், உள்ளே இருந்தவர் ஓடி வெளியே வருவார். ஒவ்வொரு முடிவும் தம் கையில் இருக்க வேண்டும் என்ற பிடிவாதம் அதில் வெளிப்படையாகத் தெரிந்தது. இருவரில் யாராலும் ஆட்டத்தின் தாளத்துக்குள் நிலைகொள்ள முடியவில்லை. 23-19 என்று டல்லஸ் தோற்றது.

அதன் பிறகு லாண்ட்ரி ஸ்டாபாக்கை நிலையாக நிறுத்தினார். எஞ்சிய ஏழு லீக் ஆட்டங்களையும் மூன்று பிளேஆஃப் ஆட்டங்களையும் அணி தொடர்ந்து வென்றது. அந்த வரிசையின் கடைசி ஆட்டம்தான் மயாமிக்கு எதிரான சூப்பர் பௌல்; எதிரணியின் பயிற்சியாளர் ஷூலா, முடிவு 24-3. எந்த ஆட்டத்தை ஆடுவது என்று சொல்லும் உரிமையை மட்டும் லாண்ட்ரி கடைசிவரை தம்மிடமே வைத்துக்கொண்டார். ஸ்டாபாக்குக்கு அதில் மனக்குறை இருந்தது.

அந்த சூப்பர் பௌலில் டல்லஸின் கடைசி டச் டவுனுக்கான பந்தைப் பிடித்தவர் டிட்கா. இரண்டாம் பதிலை எழுதியவர் குறிப்பிட்ட அதே டிட்கா, பதினான்கு ஆண்டுகள் கழித்து, 1985 நவம்பர் 17ஆம் தேதி சிகாகோவின் பயிற்சியாளராக டல்லஸின் சொந்த அரங்குக்கே வந்து, தமக்குத் தொழில் கற்றுத் தந்தவரின் அணியை 44-0 என்று தோற்கடித்தார். அவ்வளவு பெரிய அடிக்குப் பிறகும் லாண்ட்ரியின் அணி அந்த சீசனை 10 வெற்றி, 6 தோல்வி என்று முடித்தது. தொடர்ச்சியான இருபது வெற்றிச் சீசன்களில் இருபதாவது அதுவே. அடுத்த ஆண்டு அந்த வரிசை அறுபட்டது.